மலைக்குப் பெயரில்லை என்றார்கள்!

“தவறு” என்று சிவப்பு மையினால் எழுதினேன். எழுதிய கை என் கை. தவறு செய்ததும் அதே கைதான் என்பது எனக்கு விளங்குவதற்குப் பல ஆண்டுகள் ஆயின.

1984ஆம் ஆண்டு. ஒன்பதாம் வகுப்புக்கு நிலநூல் தேர்வு. ‘உலகில் மிக உயர்ந்த மலைமுடி எது?’ — ஒரே ஒரு மதிப்பெண் பெறும் எளிய வினா. 40 பேர் கொண்ட வகுப்பில் 39 பேர் ‘எவரெஸ்ட்’ என்று எழுதினர். ஒரு மாணவி மட்டும் ‘சோமோலுங்மா’ என்று எழுதியிருந்தாள். ஊர் நூலகத்தில் ஏதோ ஒரு நூலில் படித்தாளாம். கோடு கிழித்தேன், சுழி போட்டேன். விடைத்தாளும் கையுமாக வந்து நின்றாள்.

“ஐயா, அந்த ஊர் மக்கள் அப்படித்தானே அழைக்கிறார்களாம்?”

“பாடநூலில் என்ன இருக்கிறதோ, அதை எழுது அம்மா.”

“எவரெஸ்ட் என்ற துரை பிறப்பதற்கு முன்னே அந்த மலைக்குப் பெயரே இல்லையா, ஐயா?”

“போய் உட்கார்!” என்றேன்.

தோழர்களே! ‘சாத்திரத்தில் இருக்கிறது, ஆகவே சரி’ என்று சொல்வாரை மேடையேறிச் சாடியவன் நான். மாலை வேளையில் படிப்பகத்தில் அமர்ந்து, ‘ஏன் என்று கேள், எதற்கு என்று கேள்’ என இளைஞர்க்கு எடுத்துரைத்தவன் நான். அதே நான், காலையிலே வகுப்பறையில், ‘ஏன்’ என்று கேட்டவளின் மதிப்பெண்ணைப் பறித்தேன்! வேதத்தை வெறுத்தவன் பாடநூலை வேதமாக்கினேன். அந்த ஒரு மதிப்பெண்ணின் கதையைத்தான் இங்குச் சொல்லப் போகிறேன்.

அவள் கேட்ட கேள்வி எனக்குப் புதிதன்று. அதற்கு இருபது ஆண்டுகட்கு முன்பே, என் வீட்டுத் திண்ணையில், எழுதப் படிக்கத் தெரியாத ஒருவர் அதைக் கேட்டிருந்தார். அவர் என் தந்தை.

என் தந்தை நில அளவைத் துறையில் சங்கிலி ஆள். 66 அடி நீளம், 100 கண்ணி கொண்ட இரும்புச் சங்கிலி. அதைத் தோளில் சுமந்து, கள்ளியும் முள்ளும் கடந்து, வரப்பு வரப்பாக இழுத்துப் பிடிப்பது அவர் தொழில். சர்வேயர் குடை நிழலில் நின்று குறித்துக் கொள்வார். என் தந்தை வெயிலில் நின்று இழுத்துப் பிடிப்பார். மாலையில் வீடு திரும்பும்போது அவர் உள்ளங்கையில் துருவின் செந்நிறம் ஏறியிருக்கும்.

பள்ளியில் படித்த பாடத்தை ஒரு நாள் பெருமையோடு அவரிடம் ஒப்பித்தேன். “அப்பா, உலகத்திலேயே பெரிய மலைக்கு ஒரு சர்வேயர் பெயரை வைத்திருக்கிறார்கள்!”

“அப்படியா! நம்ம துறை ஆளா?” என்று மகிழ்ந்தார். சற்று நேரம் கழித்துக் கேட்டார்: “ஏண்டா தம்பி, அவரே போயி அளந்தாரா? சங்கிலி பிடிச்சவன் பேரு போட்டிருக்கா? அங்க குடியிருக்கிறவன் அந்த மலைய என்னன்னு கூப்பிட்டான்?”

மூன்று கேள்விகள்! நான் சிரித்தேன். படித்த மகன், படியாத தந்தையைப் பார்த்துச் சிரித்த சிரிப்பு அது. அந்தச் சிரிப்பை இன்று நினைத்தாலும் நெஞ்சு குறுகுறுக்கிறது. அந்த மூன்று கேள்விகட்கும் விடை தேடினேன். தேடியதில் கிடைத்ததைக் கேளுங்கள்.

* * *

முதலில் மலையைக் காண்போம். நேபாள நாட்டின் வடகிழக்கே, சொலுகும்பு மாவட்டத்தில், ‘சாகர்மாதா தேசியப் பூங்கா’ என்ற பெயரில் ஒரு காப்பகம் உண்டு. 1976இல் அமைக்கப்பட்டது, 1979இல் உலகப் பாரம்பரிய இடங்களின் பட்டியலில் சேர்க்கப்பட்டது. பரப்பு ஏறத்தாழ 1,148 சதுர கிலோமீட்டர். தெற்கு வாயிலில் 2,845 மீட்டரில் தொடங்கும் நிலம், வடக்கு எல்லையில் 8,848 மீட்டருக்கும் மேலே சென்று நிற்கிறது. ஒரே பூங்காவுக்குள் ஆறு கிலோமீட்டர் உயர வேறுபாடு! அடியில் ஊசியிலைக் காடு, மேலே புதர், அதற்கும் மேலே கல், கல்லுக்கும் மேலே பனி. பனிச்சிறுத்தையும் கத்தூரி மானும் அங்கு வாழ்கின்றன. தூத் கோசி ஆறு பனியாறுகளிலிருந்து பால்நிற நுரையோடு இறங்குகிறது. 8,516 மீட்டர் உயர்ந்த லோட்சேயும், 6,812 மீட்டர் உயர்ந்த அமா தப்லமும் அப்பூங்காவின் முடிகளே.

மிக உயர்ந்த முடியின் உச்சி வழியே நேபாளத்துக்கும் சீன ஆட்சியிலுள்ள திபெத்துக்குமான எல்லைக்கோடு செல்கிறது. தெற்கே கும்பு பனியாறு; வடக்கே ரோங்புக் பனியாறு; கிழக்கே காங்சுங் பனியாறு. மூன்று முகம் கொண்ட மலை. மூன்று பெயர் கொண்ட மலை.

அம்மலை எப்படி எழுந்தது? எந்தக் கடவுளும் தூக்கி வைக்கவில்லை. எந்தப் பாம்பும் தாங்கி நிற்கவில்லை. இந்திய நிலத்தட்டு வடக்கு நோக்கி நகர்ந்து, ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகட்கு முன் ஆசிய நிலத்தட்டோடு மோதியது. இடையே கிடந்த டெதிஸ் கடலின் அடித்தரை மடிந்தது, நெளிந்தது, எழுந்தது. இன்று அந்த உச்சியிலே இருப்பது சுண்ணாம்புக்கல். அக்கல்லுக்குள் 40 கோடி ஆண்டுகட்கும் முற்பட்ட கடலுயிர்களின் எச்சங்கள் கிடக்கின்றன. உலகின் உச்சி, ஒரு காலத்தில் கடலின் அடி! எந்தப் புராணம் இதைவிட வியப்பானது?

அதன் மடியில் வாழ்பவர் ஷெர்பாக்கள். ‘ஷெர்பா’ என்றால் கிழக்கத்தியர் என்று பொருள். ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகட்கு முன் திபெத்தின் கிழக்கிலிருந்து வந்து குடியேறிய மக்கள். அது ஓர் இனத்தின் பெயர். ஆயின், மலையேற வரும் செல்வர் பலரின் வாயில் அது சுமை தூக்குவோனின் தொழிற்பெயராகத் தேய்ந்துவிட்டது. பெயர் படும் பாட்டைப் பாருங்கள்!

* * *

இனி, தந்தையின் முதற் கேள்வி: அளந்தவர் யார்?

அளவு தொடங்கிய இடம் இமயம் அன்று; நம் பரங்கிமலை! 1802 ஏப்ரல் 10ஆம் நாள், வில்லியம் லாம்டன் என்ற படைத்துறை அதிகாரி, சென்னைக்குத் தெற்கே பரங்கிமலைக்கு அருகில் ஏறத்தாழ 7½ மைல் நீளமுள்ள ஓர் அடிக்கோட்டைச் சங்கிலி கொண்டு அளக்கத் தொடங்கினார். ஒரு முக்கோணத்தின் ஒரு பக்கமும் இரு கோணங்களும் தெரிந்துவிட்டால், மற்ற இரு பக்கங்களையும் கணக்கிட்டு அறியலாம். அந்தப் பக்கத்தின் மேல் அடுத்த முக்கோணம். அதன் மேல் இன்னொன்று. இப்படி முக்கோணத்தின் மேல் முக்கோணமாய்க் கோத்துக்கொண்டே வடக்கே சென்றனர். அவர்கள் கொண்டு சென்ற கோணமானி அரை டன் எடை. 1808இல் தஞ்சைப் பெருங்கோயிலின் கோபுரத்தின் மேல் அதை ஏற்றும்போது கயிறு அறுந்து கருவி சிதைந்தது. சமவெளியில் வேறு உயரம் இல்லாமையால், தெய்வம் உறைவதாகச் சொல்லப்பட்ட கோபுரம் அளவையாளர்க்கு மேடை ஆயிற்று!

லாம்டன் 1823இல் மறைந்தார். அவர் பணியைத் தொடர்ந்தவர் ஜார்ஜ் எவரெஸ்ட். 1830 முதல் 1843 வரை இந்தியாவின் தலைமை நில அளவையாளர். கடுமையான உழைப்பாளி; கணக்கில் நேர்மையாளர். அதை மறுக்க வேண்டியதில்லை. ஆனால், அவர் ஓய்வு பெற்றுத் தாயகம் திரும்பிய பின்னரே அந்த முடி அளக்கப்பட்டது! அவர் அதைக் கண்ணால் கண்டதாகச் சான்றில்லை. அந்த ஒரு வகையில் அவருக்கும் எனக்கும் ஒற்றுமை உண்டு.

நேபாள அரசு அந்நியரை உள்ளே விடவில்லை. ஆகவே, எல்லைக்குத் தெற்கே பீகாரின் தாழ்நிலங்களிலிருந்து, நூறு மைலுக்கும் அப்பாலிருந்து, 1849, 1850ஆம் ஆண்டுகளில் கோணங்களைக் குறித்தனர். காய்ச்சல் கொன்று குவித்த காடு அது. கோபுரம் கட்டியவர், மரம் வெட்டியவர், கருவி சுமந்தவர், சங்கிலி பிடித்தவர் என மாண்டவர் பலர். மலைமுடிக்கு அப்போது ‘15ஆம் முடி’ என்று எண் மட்டுமே. கோணங்களைக் கொண்டு, ஒளி வளைவையும் புவியின் வளைவையும் கழித்து, ஆண்டுக்கணக்கில் கணக்கிட்டனர். 1856இல் எவரெஸ்ட்டின் வழித்தோன்றலாகப் பதவியில் இருந்த ஆண்ட்ரூ வா, 29,002 அடி என்று அறிவித்தார். இன்றைய அளவு — 2020 டிசம்பர் 8ஆம் நாள் நேபாளமும் சீனாவும் சேர்ந்து அறிவித்தது — 8,848.86 மீட்டர். நூறு மைலுக்கு அப்பால் நின்று செய்த கணக்கில் பிழை ஏறத்தாழ 9 மீட்டர் மட்டுமே! அறிவின் ஆற்றலுக்கு இதைவிட வேறு சான்று வேண்டுமோ?

கணக்கிட்டவர்களில் தலையாயவர் ஒருவரை நீங்கள் அறிய வேண்டும். வங்காளத்து ராதாநாத் சிக்தார். 1813இல் பிறந்தவர். கல்கத்தா இந்துக் கல்லூரியில், டெரோசியோவின் சிந்தனையால் எழுச்சி பெற்ற ‘இளம் வங்காளம்’ குழுவைச் சேர்ந்தவர். பழமையைக் கேள்வி கேட்ட கூட்டம் அது. இந்த ஏட்டைப் படிப்போர்க்கு உறவினர் என்றே சொல்லலாம். 1831இல், தமது பதினெட்டாம் வயதில், மாதம் 30 ரூபாய் ஊதியத்தில் ‘கணிப்பாளர்’ ஆனார். பின்னர்த் தலைமைக் கணிப்பாளராக உயர்ந்தார். 1843இல், டேராடூனில், அளவைத் துறையின் கூலியாட்களை ஓர் ஆங்கில நீதிபதி கூலியின்றிச் சுமை தூக்க வைத்ததைச் சிக்தார் எதிர்த்து நின்றார். நீதி கேட்டவருக்குக் கிடைத்தது 200 ரூபாய் அபராதம்! 1854இல் நண்பர் பியாரி சந்த் மித்ராவோடு சேர்ந்து, பெண்களும் படிக்கத்தக்க எளிய வங்காளத்தில் திங்களிதழ் ஒன்றை நடத்தினார்.

அவர் ஓடி வந்து, உலகின் உயர்ந்த மலையைக் கண்டுபிடித்துவிட்டதாகத் தம் மேலதிகாரியிடம் கூறினார் என்றொரு கதை உண்டு. கேட்க இனிக்கும் கதை. ஆனால் அதற்கு ஆவணச் சான்றில்லை. கணக்குப் பலர் கூடிச் செய்தது. நமக்கு உவப்பானது என்பதற்காகப் பொய்யை ஏற்பது பகுத்தறிவு ஆகாது. எனினும் இது மெய்: 1851இல் வெளியான நில அளவைக் கையேட்டில், கணக்கியல் பகுதிகளில் அவர் ஆற்றிய பணிக்கு முன்னுரையில் நன்றி கூறப்பட்டிருந்தது. அவர் 1870இல் மறைந்தார். 1875இல் வந்த பதிப்பில் அந்த நன்றியுரை காணவில்லை! அன்றைய ஆங்கில ஏடொன்றே அதனை இறந்தவரின் உடைமையைத் திருடும் செயல் எனக் கண்டித்தது.

தந்தையே! சங்கிலி பிடித்தவன் பெயர் போடவில்லை. கணக்குப் போட்டவன் பெயரைப் போட்டு, பிறகு அழித்தார்கள்.

* * *

மூன்றாம் கேள்வி: அங்கே குடியிருப்பவன் மலையை என்னவென்று அழைத்தான்?

உள்ளூர்ப் பெயர் எதுவும் தமக்குத் தெரியவில்லை, ஆகவே எவரெஸ்ட் பெயரைச் சூட்டுகிறேன் என்றார் ஆண்ட்ரூ வா. நேபாளத்தில் ஆங்கிலேயரின் பிரதிநிதியாக இருந்த ஹாட்சன், தேவதுங்கா என்ற பெயர் உண்டு என்றார். ஜெர்மானிய ஆய்வாளர் ஷ்லாகின்ட்வைட், கௌரிசங்கர் என்றார். அது வேறொரு மலை என்று பிற்பாடு மெய்ப்பிக்கப்பட்டது. ஆனால் இவற்றுக்கெல்லாம் ஒரு நூற்றாண்டுக்கு முன்பே, 1730களில், பாரிஸில் தான்வீல் வெளியிட்ட திபெத்து வரைபடத்தில் ‘சோமோலுங்மா’ என்ற ஒலியை ஒத்த பெயர் பொறிக்கப்பட்டிருந்தது! பெயர் இருந்தது, கேட்கத்தான் செவி இல்லை.

வியப்பு என்ன தெரியுமா? எதிர்த்தவர்களில் எவரெஸ்டும் ஒருவர்! தம் பெயரை இந்நாட்டு மக்களால் ஒலிக்க இயலாது, இந்தியில் எழுதவும் இயலாது என 1857இல் அவரே கூறினார். அது செவியில் ஏறவில்லை. 1865இல் இலண்டன் அரச புவியியற் கழகம் அந்தப் பெயரையே நிலைநாட்டியது. அவர் தம் பெயரை ‘ஈவ்ரெஸ்ட்’ என்று ஒலித்தார். உலகமோ ‘எவரெஸ்ட்’ என்கிறது. மக்கள் மலையின் பெயரை இழந்தனர். மனிதர் தம் பெயரின் ஒலியை இழந்தார்!

பின்னர் 1930களின் இறுதியில், நேபாள வரலாற்றறிஞர் பாபுராம் ஆச்சாரியா ‘சாகர்மாதா’ என்ற பெயரைத் தம் கட்டுரையில் எடுத்துரைத்தார். பிற்பாடு நேபாள அரசு அதை ஏற்றது. நம் செவிக்கு அது ‘சாகரம்’ — கடல் — என்று படும். நேபாளியில் அது வானத்தைக் குறிக்கும். வானத்து நெற்றி என்று பொருள் சொல்வர். அந்நியன் சூட்டிய பெயரை அகற்றத் துணிந்தது தன்மானச் செயலே, வாழ்த்துவோம். ஆயினும் ஒன்றைக் கேட்க வேண்டும்: அம்மலையின் அடிவாரத்து ஷெர்பாவின் தாய்மொழி நேபாளியா? இல்லை; திபெத்திய மொழியோடு உறவுடையது. அவன் வாயில் வழங்கும் பெயர் சோமோலுங்மா. 1953 மே 29ஆம் நாள் எட்மண்ட் ஹில்லாரியோடு அந்த உச்சியில் நின்ற டென்சிங் அறிந்திருந்த பெயரும் அதுவே. இலண்டன் ஒரு பெயர் வைத்தது. காட்மாண்டு ஒரு பெயர் வைத்தது. பூங்காவின் வாயிற்பலகையில் தலைநகரின் மொழி நிற்கிறது. குடியிருப்பவனின் சொல் அவன் வீட்டுக்குள் நிற்கிறது.

இதைப் படிப்பகத்தில் சொன்னபோது, இளந்தோழர் ஒருவர் எழுந்தார். “ஐயா, எவரெஸ்ட் என்பது அறிவியல் அறிந்த மனிதர் பெயர், சோமோலுங்மா என்பதோ ஒரு பெண் தெய்வத்தின் பெயராம். பகுத்தறிவாளராகிய நாம் தெய்வத்தின் பக்கம் நிற்பதா?” என்றார்.

நல்ல கேள்வி, போய் உட்கார் என்று நான் சொல்லவில்லை! விடை சொன்னேன்: வானத்து வெள்ளியை ஐரோப்பியர் வீனஸ் என்ற காதல் தெய்வத்தின் பெயரால் அழைக்கின்றனர், அதனால் வானநூல் பூசையாகிவிட்டதா? தொலைநோக்கி தூபக்கால் ஆகிவிட்டதா? அந்த முடியில் தேவி இல்லை. கடலுயிரின் எச்சம் இருக்கிறது. அதை ஷெர்பாவின் பிள்ளைக்கும் கற்பிப்போம். அவன் மொழியிலேயே கற்பிப்போம். மக்களின் மூடநம்பிக்கையோடு வாதாட நமக்கு உரிமை உண்டு. மக்களின் நாவை மடக்க எவருக்கும் உரிமை இல்லை. பெயரைச் சொல்வது வழிபாடு அன்று; அங்கே மனிதர் வாழ்ந்தனர், கண்டனர், பேசினர் என்பதற்குச் சாட்சி கூறுவது.

* * *

எங்கள் ஊருக்கு மேற்கே ஒரு கரடு உண்டு. எங்கள் தெருவார் ஆடு மேய்த்த இடம். ஒவ்வொரு பாறைக்கும் ஒரு பெயர் வைத்திருந்தனர். அளவை நடந்தபோது ‘இதற்குப் பெயர் என்ன?’ என்று ஊர்ப் பெரிய வீட்டாரிடம் கேட்டார்களாம். “அதற்கென்ன பெயர்! சும்மா கிடக்கிற கரடு” என்றார்களாம். ‘தீர்வை ஏற்படாத தரிசு’ என்று ஏட்டில் ஏறிற்று. பக்கத்தில் சங்கிலியோடு நின்ற என் தந்தைக்குப் பெயர் தெரியும். அவரை யாரும் கேட்கவில்லை. கேளாதபோது சொல்லும் துணிவு அவருக்கு இல்லை. அதை என்னிடம் சொல்லிச் சொல்லி வருந்தினார். அந்த வருத்தந்தான் திண்ணையில் மூன்று கேள்விகளாக எழுந்தது என்பதை, நான் சிரித்து முடித்த நெடுங்காலத்திற்குப் பின் உணர்ந்தேன்.

தந்தையின் பெயரை இங்கு நான் எழுதவில்லை. அது குப்பையையும் மண்ணையும் நினைவூட்டும் சொல். எங்கள் தெருவில் பிறந்தவனுக்கு நல்ல பெயர் கூடாது என்று மேட்டுக்குடியார் விதித்த காலத்தில் ஒட்டப்பட்ட சொல். அவர் விரும்பி ஏற்றதன்று. மலைக்குப் பெயரில்லை என்றவனும், மனிதனுக்கு இழிபெயர் போதும் என்றவனும் பேசுவது ஒரே மொழிதான்: ‘நீ பேசாதே, நான் எழுதுகிறேன்’ என்ற மொழி! பெயரில் என்ன இருக்கிறது என்று கேட்பார்க்குச் சொல்லுங்கள் — தமிழ்நாடு என்ற பெயரையும் ஒரு கோரிக்கையாக வைத்து உண்ணாநோன்பிருந்து 1956இல் உயிர் துறந்தார் சங்கரலிங்கனார்; 1969 ஜனவரி 14ஆம் நாள் முதல் அந்தப் பெயர் நடைமுறைக்கு வந்தது. வெறும் ஒலிக்காக எவரும் உயிர் தருவதில்லை.

பணியில் இருந்த கடைசி ஆண்டுகளில், என் வகுப்பில் அந்த மலையின் மூன்று பெயர்களையும் கற்பித்தேன். எந்தப் பெயரை யார் வைத்தார், எப்போது வைத்தார், யாரைக் கேளாமல் வைத்தார் என்பதையும் சேர்த்துக் கற்பித்தேன். விடுமுறையில் மாணவர்களைத் தத்தம் தெருவின் முதியோரிடம் அனுப்பி, கரடு, ஓடை, மேடு, பள்ளம் ஆகியவற்றின் பெயர்களை எழுதி வரச் செய்தேன். எங்கள் கரட்டின் பாறைப் பெயர்கள் இன்று ஒரு நோட்டுப் புத்தகத்தில் இருக்கின்றன. இளைஞர்களே! உங்கள் ஊரிலும் இதைச் செய்யலாம். பெருஞ்செலவில்லை, ஒரு நோட்டு, ஓர் எழுதுகோல், சிரிக்காமல் கேட்கும் ஒரு செவி — இவை போதும்.

அந்த மாணவி இன்று எங்கிருக்கிறாரோ, அறியேன். அவருக்கும் இப்போது பேரப்பிள்ளைகள் இருக்கக்கூடும். இந்த ஏடு அவர் கைக்கு எட்டுமானால், அவர் காணட்டும்: அம்மா, உன் விடை சரி. ஒரு மதிப்பெண். காலம் தாழ்த்தித் தருகிறேன், பொறுத்துக்கொள்.